பெர்ரி தண்ணி விடுது, பட்டை கசக்குது: அரை மணி நேரத்துல சூடான டெசர்ட் பண்றப்போ தப்பு எங்க நடக்குது

நீங்க எழுதினதை ரெண்டு தடவை படிச்சேன். ஃப்ரெஷ் பெர்ரி ஒரு டப்பா கலந்து இருக்கு, சாப்பாட்டுக்கு அப்புறம் சூடா ஒரு டெசர்ட் வேணும், மொத்தமே அரை மணி நேரம் தான், ஓவன் இல்லாம அடுப்புலயே முடியுமா, பட்டை ஏலக்காய் எல்லாம் எவ்வளவு போடலாம், வேக வெச்சா சத்து போயிடுமான்னு கேட்டிருக்கீங்க. ஆனா நடுவுல ஒரு வரி எழுதியிருக்கீங்க பாருங்க, போன தடவை எல்லாத்தையும் ஒண்ணா போட்டு வேக வெச்சேன், சூப் மாதிரி ஆயிடுச்சு, பட்டைப் பொடி மேல மிதந்து கசந்துச்சுன்னு, உங்க கேள்வி முழுக்க அதுல தான் இருக்கு. ரெசிபி எங்க தேடினாலும் கிடைக்கும், அந்த தண்ணி எங்கேர்ந்து வந்துச்சு, அந்தக் கசப்பு எப்படி வந்துச்சுன்னு தெரிஞ்சுக்காம இன்னொரு ரெசிபியைப் பார்த்து பண்ணினாலும் அதே தான் நடக்கும். நான் டெசர்ட் செய்யறதை முறையா படிச்சு, பதினஞ்சு வருஷத்துக்கு மேல அதையே தொழிலா பண்றேன், அதனால கொஞ்சம் நீளமாவே சொல்றேன்.

முதல்ல தண்ணி. ஸ்ட்ராபெர்ரில ஏறக்குறைய 91 சதவீதம் தண்ணி, பிளாக்பெர்ரில 88, ராஸ்பெர்ரில 86, ப்ளூபெர்ரில 84ன்னு வெச்சுக்கோங்க. அதாவது நீங்க 300 கிராம் பழம் எடுத்தா அதுல கால் லிட்டருக்கு மேல தண்ணி உள்ளயே இருக்கு. ஃப்ரெஷ்ஷா இருக்கறப்போ அது செல்லுக்குள்ள அடைஞ்சு கிடக்குது, அதனால தான் பழம் விறைப்பா இருக்கு. சூடு பட்டதும் அந்த செல் சுவர் தளர்ந்து உள்ள இருக்கறது மொத்தமும் வெளிய வந்துடும். நீங்க ஒரு சொட்டு தண்ணி ஊத்தலைன்னாலும் பாத்திரத்துல தண்ணி நிக்கும். சரி, கொதிக்க விட்டா வத்தும் தானேன்னு விட்டீங்கன்னா தண்ணி வத்தறதுக்குள்ள பழம் கூழாயிடும், ஏன்னா பழம் குழையறதுக்கு மூணு நாலு நிமிஷம் போதும், அவ்வளவு தண்ணி வத்தறதுக்கு அதைவிட ரொம்ப நேரம் பிடிக்கும். இந்த ரெண்டு நேரமும் ஒத்து வராது, உங்க சூப்புக்கு காரணம் இது தான், இதுல எனக்கு துளி சந்தேகம் இல்ல.

அதனால நான் எப்பவும் பண்றது, பழத்தையும் சாறையும் பிரிச்சுடறது. சாறு தனியா அடுப்புல கொதிச்சு சுண்டட்டும், பழம் கடைசில வந்து சேரட்டும். இதுக்கு சர்க்கரை தான் வழி. ஸ்ட்ராபெர்ரியை நாலா நறுக்கி சர்க்கரையும் ஒரு சிட்டிகை உப்பும் பிசறி பதினஞ்சு இருபது நிமிஷம் அப்படியே வெச்சுடுங்க, சர்க்கரை பழத்துலேர்ந்து தண்ணியை வெளிய இழுத்துடும், கிண்ணத்துல அடியில நல்ல சிவப்பா சாறு நிக்கும். அடுப்பே பத்த வைக்காம சாறு கிடைச்சாச்சு, பழமும் குழையலை. அந்த சாறை மட்டும் வடிச்சு அகலமான கடாய்ல ஊத்தி கொதிக்க விட்டா ரெண்டு மூணு நிமிஷத்துல சுண்டி பாகு மாதிரி வந்துடும். அகலமான பாத்திரம்னு சொல்றது சும்மா இல்ல, குறுகலா ஆழமா இருக்கற பாத்திரத்துல ஆவி போற பரப்பு கம்மி, அதே சாறு சுண்ட மூணு மடங்கு நேரம் எடுத்துக்கும். உங்ககிட்ட இருக்கற அரை மணில இருபது நிமிஷம் சர்க்கரை தானா வேலை செய்யுது, நீங்க அந்த நேரம் மத்த வேலையைப் பார்க்கலாம்.

இன்னொரு தண்ணி இருக்கு, இதை நிறைய பேர் கவனிக்கறதில்ல, கழுவற தண்ணி. ராஸ்பெர்ரி உள்ள கூடா இருக்கும், கழுவி அப்படியே போட்டா ஒவ்வொரு பழமும் ஒரு குட்டி கிண்ணம் மாதிரி தண்ணியைத் தூக்கிட்டு வரும். ஸ்ட்ராபெர்ரியை காம்பு கிள்ளிட்டு கழுவினா அந்த ஓட்டை வழியா தண்ணி உள்ள போகும். அதனால காம்போட கழுவுங்க, அப்புறம் கிள்ளுங்க. எதையும் ஊற வைக்காதீங்க, ஓடற தண்ணில காட்டிட்டு சுத்தமான துணி மேல பரப்பி விடுங்க. முன்கூட்டியே கழுவி ஃப்ரிட்ஜ்ல வைக்கறதும் வேண்டாம், ஈரத்துல சீக்கிரம் பூஞ்சை வரும். பூஞ்சைன்னதும் ஒண்ணு, பூஞ்சை பிடிச்ச பழத்தை எப்படியும் கொதிக்க விடறோமேன்னு சேர்த்துடாதீங்க, பூஞ்சை விடற சில நச்சு இந்த சூட்டுல அழியாது. அந்தப் பழத்தையும் அதை ஒட்டி கொழகொழன்னு இருக்கற பழத்தையும் எடுத்துப் போட்டுடுங்க.

இப்போ எந்த பெர்ரியை எப்போ போடறது. எல்லா பெர்ரியும் ஒரே நேரத்துல வேகாது, டப்பால ஒண்ணா இருக்குங்கறதுக்காக கடாயிலயும் ஒண்ணா போடக் கூடாது. ப்ளூபெர்ரிக்கு தோல் கெட்டி, அது வெடிச்சு சாறு விட நாலு அஞ்சு நிமிஷம் ஆகும், அதனால அது முதல்ல. பிளாக்பெர்ரி அதுக்கு அடுத்து. ஸ்ட்ராபெர்ரி ஒரு நிமிஷம் பட்டா போதும். ராஸ்பெர்ரி அடுப்பை அணைச்ச பிறகு தான், அதோட உடம்பு சின்ன சின்ன மணியா ஒட்டி இருக்கு, கரண்டி வெச்சு நாலு தடவை கிளறினாலே உதிர்ந்து விதை மட்டும் மிஞ்சும். அதுலயும் பாதி ப்ளூபெர்ரியை மட்டும் முதல்ல போட்டு மீதியைக் கடைசில போடுங்க, முதல்ல போட்டது வெடிச்சு குழம்பாகி சாஸ் ஆயிடும், பின்னாடி போட்டது முழுசா நின்னு வாயில போட்டதும் வெடிக்கும். சாப்பிடறவங்களுக்கு ஒரே கரண்டில ரெண்டு விதமா கிடைக்கறது தான் இந்த டெசர்ட்டோட அழகே, எல்லாம் ஒரே பதத்துல குழைஞ்சா அது ஜாம் மாதிரி தான் இருக்கும், ஆனா ஜாம் அளவுக்கு கெட்டியாவும் இருக்காது.

ஜாம்னு சொன்னதால இதையும் சொல்லிடறேன். சிலர் தண்ணியா இருந்தா இன்னும் கொதிக்க விடு, தானா இறுகிடும்னு சொல்லுவாங்க. ஜாம் இறுகறது பெக்டின்னால, அது பழத்துலயே இருக்கற ஒரு வகை நார்ப்பொருள். அதுக்கு புளிப்பு வேணும், மொத்தத்துல அறுபது சதவீதத்துக்கு மேல சர்க்கரை வேணும், 104, 105 டிகிரி செல்சியஸ் வரைக்கும் சூடு ஏறணும். நீங்க போடற ரெண்டு ஸ்பூன் சர்க்கரைல அது நடக்கவே நடக்காது, அதுலயும் ஸ்ட்ராபெர்ரில பெக்டினே கம்மி. அதனால இறுகும்னு காத்திருந்து பழத்தைக் கெடுத்துக்காதீங்க. கெட்டியா வேணும்னா ரெண்டே வழி தான், ஒண்ணு மேல சொன்ன மாதிரி சாறை சுண்ட விடறது, இல்லைன்னா கார்ன்ஃப்ளார். ரெண்டுலயும் எனக்குப் பிடிச்சது முதல் வழி, ருசி செறிவா இருக்கும். ஆனா பழம் ரொம்ப பழுத்து சாறு நிறைய விட்டா கார்ன்ஃப்ளார் இல்லாம கஷ்டம்.

கார்ன்ஃப்ளார்னா வெள்ளையா, விரல்ல தேய்ச்சா கிறீச்சுன்னு சத்தம் வர்ற ஸ்டார்ச், மஞ்சளா இருக்கற மக்காச்சோள மாவு இல்ல, இதுல நிறைய பேர் ஏமாந்திருக்காங்க. 300 கிராம் பழத்துக்கு தலை தட்டி ஒரு டீஸ்பூன், அதை ஒரு டேபிள்ஸ்பூன் பச்சைத் தண்ணில கட்டி இல்லாம கரைச்சு, சாறு கொதிக்கறப்போ ஊத்தி கிளறணும். சூடான சாறுல நேரா பொடியைப் போட்டா வெளிப்பக்கம் உடனே வெந்து கட்டி கட்டியா நிக்கும், உள்ள மாவாவே இருக்கும். இது 60, 70 டிகிரில தடிக்க ஆரம்பிக்கும், ஆனா முழுசா வேக கொதி நிலைக்கு பக்கத்துல, ஒரு 95 டிகிரி வரைக்கும் போகணும், அதனால ஊத்தினதும் குமிழ் வந்து ஒரு நிமிஷம் கொதிக்கட்டும், கலங்கலா இருக்கறது தெளிஞ்சு பளபளன்னு ஆகும், அப்போ தான் மாவோட பச்சை வாசனை போயிருக்குன்னு அர்த்தம். அதுக்கு மேல விடாதீங்க. பெர்ரியோட புளிப்புல ஸ்டார்ச் ரொம்ப நேரம் கொதிச்சா அறுந்து போய் மறுபடி நீர்த்துடும், கெட்டியா இருந்தது எப்படி திடீர்னு தண்ணியாச்சுன்னு குழம்புவீங்க. எலுமிச்சை சாறும் அதே காரணத்துக்காக அடுப்பை அணைச்ச பிறகு தான்.

இனிமே கசப்பு. நீங்க பட்டைப் பொடியை சாறு மேல தூவியிருக்கீங்க. பட்டைப் பொடி தண்ணில கரையாது, அது மரப்பட்டையை அரைச்ச தூள், அதுக்கு வாசனை குடுக்கற எண்ணெய் கொழுப்புல தான் நல்லா இறங்கும். தண்ணில போட்டா மேல மிதக்கும், ஈரத்துல ஊறி கொழகொழன்னு ஆகும், வாசனை வராததால இன்னும் கொஞ்சம் போடலாம்னு தோணும், போட போட கசப்பும் துவர்ப்பும் தான் ஏறும். மசாலாவை கொழுப்புல தாளிக்கற கணக்கு இங்கயும் அப்படியே பொருந்தும். கடாய்ல ஒரு டேபிள்ஸ்பூன் வெண்ணெய் போட்டு, உருகி நுரை அடங்கறப்போ அடுப்பை ரொம்ப சிம்ல வெச்சு பட்டைப் பொடியைப் போட்டு இருபது செகண்ட் கிளறுங்க, வாசனை தூக்கும், உடனே அந்த சாறை ஊத்திடுங்க. ஊத்த லேட் ஆச்சுன்னா பொடி கருகிடும், கருகின பட்டையோட கசப்பு பெர்ரி மாதிரி மென்மையான பழத்துல மறையவே மறையாது. நான் வேலைக்கு சேர்ந்த புதுசுல ஒரு பெரிய விருந்துக்கு இப்படித் தான் பொடி லேசா கருகினதைப் பார்த்தும் பார்க்காத மாதிரி சாறை ஊத்தி, சர்க்கரை அதிகமா போட்டு சமாளிக்கப் பார்த்தேன், நாப்பது கிண்ணமும் அப்படியே திரும்பி வந்துச்சு. அன்னிலேர்ந்து கருகிச்சுன்னா வெண்ணெயோட கீழ கொட்டிட்டு புதுசா ஆரம்பிப்பேன், ஒரு ஸ்பூன் வெண்ணெய் தானே.

எந்தப் பட்டைங்கறதும் முக்கியம். சுருட்டு மாதிரி மெல்லிசா பல அடுக்கா சுருண்டு, விரலால நொறுக்கினாலே உடையறது சிலோன் பட்டை. ஒரே தடிமனான தோலா, மரக்கட்டை மாதிரி கெட்டியா இருக்கறது காசியா. கடைப் பொடில பெரும்பாலும் காசியா தான், அது காரமும் துவர்ப்பும் கூட, அதனால அளவு பாதியாக்கிடணும். 300 கிராம் பழத்துக்கு சிலோன்னா அரை டீஸ்பூன் வரைக்கும் தாங்கும், காசியான்னா கால் டீஸ்பூனுக்கு மேல போகாதீங்க. காசியால கூமரின்னு ஒரு பொருள் இருக்கறதால தினமும் நிறைய சாப்பிடக் கூடாதுன்னு சொல்றது நிஜம் தான், ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் உடல் எடைல கிலோவுக்கு 0.1 மில்லிகிராம்னு தினசரி வரம்பே வெச்சிருக்கு. ஆனா என்னிக்கோ ஒரு நாள் நாலு பேர் பகிர்ந்து சாப்பிடற டெசர்ட்ல கால் டீஸ்பூன்னா கவலைப்பட ஒண்ணுமில்ல. முழுப் பட்டை போடலாமான்னா போடலாம், ஆனா அது வாசனை விட நேரம் எடுக்கும், பத்து நிமிஷ வேலைல அது பாதி கூட இறங்காது, அப்படி போடறதா இருந்தா சர்க்கரைல ஊற வைக்கறப்பவே உடைச்சு போட்டுடுங்க.

மத்த மசாலா எல்லாம் ஒவ்வொண்ணுக்கும் ஒரு நேரம் இருக்கு. கிராம்பு பட்டையோட வெண்ணெய்லயே போகலாம், ஆனா ஒண்ணே ஒண்ணு, அதுலயும் எடுத்துப் போட மறக்காதீங்க, யூஜினால்னு அதுல இருக்கறது நாக்கையே மரத்துப் போக வைக்கும், ரெண்டாச்சுன்னா பெர்ரி ருசியே தெரியாது. இஞ்சி துருவல் போடறதா இருந்தா அதுவும் வெண்ணெய்ல, அரை டீஸ்பூன், பச்சை வாசனை போற வரைக்கும். சுக்குப் பொடின்னா அதுல பாதி, காய்ஞ்சா அதுல காரம் கூடும். ஏலக்காய் கடைசில, அடுப்பை அணைச்சதும், அதோட வாசனை ஆவியோட பறந்துடற வகை, நீங்க அஞ்சு நிமிஷம் கொதிக்க விட்டா வீடெல்லாம் மணக்கும், கிண்ணத்துல இருக்காது. ரெண்டு காய், அப்போ இடிச்சது. மிளகும் அப்படித் தான், காரம் நிக்கும் ஆனா வாசனை போயிடும், அதனால பரிமாறற நேரத்துல கொரகொரன்னு ஒரு சுத்து. ஸ்ட்ராபெர்ரிக்கு மிளகான்னு யோசிக்காதீங்க, என்கிட்ட ஒரே ஒரு மசாலா தான் போடலாம்னு சொன்னா நான் ஸ்ட்ராபெர்ரிக்கு பட்டையை விட்டுட்டு மிளகைத் தான் எடுப்பேன், அந்த இனிப்பை அது தூக்கி நிறுத்தும். ஜாதிக்காய் எனக்கு பெர்ரியோட பிடிக்கறதில்ல, அது என் நாக்கு, உங்களுக்குப் பிடிச்சா ரெண்டு தேய் தேய்ச்சு விடுங்க.

எது எதோட சேரும்ங்கறதுல நான் உறுதியா பேசற ஆள் இல்ல. ஒரே வாசனைப் பொருள் ரெண்டுலயும் இருந்தா ஜோடி சேரும்னு ஒரு கொள்கை இருக்கு, ப்ளூபெர்ரிலயும் கொத்தமல்லி விதைலயும் லினலூல் இருக்கு, அதனால சேரும்னு சொல்லுவாங்க, நானும் விதையை வறுத்து இடிச்சு ஒரு சிட்டிகை போட்டுப் பார்த்திருக்கேன், நிஜமாவே நல்லா இருந்துச்சு. ஆனா அம்பதாயிரத்துக்கு மேல ரெசிபியை எடுத்து கணக்குப் போட்டு 2011ல ஒரு ஆய்வு வந்துச்சு, அதுல மேற்கத்திய சமையல் இந்தக் கொள்கைக்கு ஒத்து வந்துச்சு, கிழக்காசிய சமையல் நேர் எதிரா போச்சு. அதனால அதை விதியா எடுத்துக்காதீங்க. தண்ணி, ஸ்டார்ச், பட்டை கொழுப்புல இறங்கறது, இதெல்லாம் யார் பண்ணினாலும் அப்படியே தான் நடக்கும். மிளகா ஏலக்காயாங்கறது மட்டும் நீங்க ஒரு ஸ்பூன் சாறுல கலந்து ருசி பார்த்து முடிவு பண்ண வேண்டியது. அதே மாதிரி ஒரு டெசர்ட்ல ரெண்டு மசாலாவுக்கு மேல போடாதீங்கன்னு நான் சொல்றதும் என் பழக்கம் தான், ஆனா முதல் தடவைக்கு அதைப் பிடிச்சுக்கிட்டா தப்பு வராது.

சரி, மொத்தமா எப்படி போகும்னு ஒரு தடவை சொல்லிடறேன், மூணு நாலு பேருக்கு. 300 கிராம் பெர்ரி, அதுல ஸ்ட்ராபெர்ரியை நறுக்கி 2 டேபிள்ஸ்பூன் சர்க்கரை, ஒரு சிட்டிகை உப்பு போட்டு இருபது நிமிஷம். ப்ளூபெர்ரி, பிளாக்பெர்ரி, ராஸ்பெர்ரி தனித்தனியா பக்கத்துல. டப்பால ஸ்ட்ராபெர்ரியே இல்லைன்னா பிளாக்பெர்ரியை ரெண்டா வெட்டி அதே மாதிரி ஊற வைங்க, சாறு கொஞ்சம் கம்மியா வரும், அவ்வளவு தான். கடாய்ல ஒரு டேபிள்ஸ்பூன் வெண்ணெய், பட்டைப் பொடி இருபது செகண்ட், கிண்ணத்துல நிக்கற சாறு, பாதி ப்ளூபெர்ரி, அடுப்பை நல்லா ஏத்தி நாலு நிமிஷம், பாதி வெடிச்சதும் கரண்டி பின்பக்கத்தால லேசா நசுக்கி விடுங்க. பிளாக்பெர்ரி போட்டு ஒரு நிமிஷம். கடாய் அடில கரண்டியால ஒரு கோடு இழுத்தா அது ஒரு செகண்ட் நின்னு மூடணும், அது தான் பதம், அப்படி வரலைன்னா அப்போ கார்ன்ஃப்ளார் கரைசல். அப்புறம் ஸ்ட்ராபெர்ரியும் மீதி ப்ளூபெர்ரியும் போட்டு ஒரு நிமிஷம், அணைச்சு, ராஸ்பெர்ரி, ஏலக்காய், ஒரு டீஸ்பூன் எலுமிச்சை சாறு. கிளறாதீங்க, கடாயைப் பிடிச்சு ஒரு ஆட்டு ஆட்டுங்க, போதும். அடுப்பு முன்னாடி நீங்க நிக்கறது எட்டு ஒம்பது நிமிஷம் தான். பார்க்க இன்னும் கொஞ்சம் தண்ணியா இருக்கேன்னு தோணும்போதே எடுத்துடுங்க, ஆற ஆற கெட்டியாகும்.

பாத்திரம் எவர்சில்வர், எனாமல், நான்ஸ்டிக் எதுவா இருந்தாலும் சரி, மேல பூச்சு இல்லாத அலுமினியமும் இரும்பும் மட்டும் வேண்டாம். பெர்ரி புளிப்பு அந்த உலோகத்தைக் கொஞ்சம் கரைச்சு சாறுல ஒரு உலோக ருசி வந்துடும், நிறமும் நீலம் பாய்ஞ்சு மங்கிடும். பெர்ரிக்கு நிறம் குடுக்கற ஆந்தோசயனின் புளிப்புல சிவப்பா இருக்கும், புளிப்பு குறைஞ்சா ஊதா, காரத்தன்மை வந்தா நீலம் பச்சைன்னு மாறும், சமையல் சோடா போட்ட கேக்ல ப்ளூபெர்ரி சுத்தி பச்சையா ஒரு வளையம் தெரியறது அதனால தான். எலுமிச்சை ருசிக்கு மட்டும்னு நினைச்சு விட்டுடாதீங்க, நிறத்தைப் பிடிச்சு வைக்கறதும் அது தான். ஸ்ட்ராபெர்ரியோட சிவப்பு மட்டும் சூட்டுல எப்படியும் வெளிறும், நாலு ப்ளூபெர்ரி கூட இருந்தா அந்தக் குறை தெரியாது.

சர்க்கரை எவ்வளவுன்னு கேட்டீங்கன்னா நான் 2 டேபிள்ஸ்பூன்னு சொன்னது நடுத்தரமா பழுத்த பழத்துக்கு. ருசி பார்க்கறப்போ ஒரு ஸ்பூன் எடுத்து ஒரு நிமிஷம் ஆற விட்டு, நீங்க சாப்பிடற சூட்டுக்கு வந்த பிறகு பாருங்க. ரொம்ப சூடா இருக்கறப்போ நாக்கு எரியறதால எதுவும் தெரியாது, ரொம்ப ஜில்லுன்னு இருந்தாலும் இனிப்பு கம்மியா தெரியும், உருகின ஐஸ்கிரீம் திகட்டற அளவுக்கு இனிக்கறது இதனால தான். வெதுவெதுப்பா சாப்பிடற டெசர்ட்டுக்கு அதனாலயே சர்க்கரை குறைவா போட்டா போதும். பரிமாறும்போது அஞ்சு நிமிஷம் ஆற விட்டு குடுங்க, சர்க்கரை கலந்த சாறு சூட்டை ரொம்ப நேரம் பிடிச்சு வெச்சுக்கும், குழந்தைங்க இருந்தா முக்கியமா கவனிங்க. சர்க்கரைக்கு பதிலா தேன் போடறதா இருந்தா அணைச்ச பிறகு போடுங்க, ஆனா ஒரு வயசு ஆகாத குழந்தைக்கு தேன் சேர்த்தது எதுவும் குடுக்கக் கூடாது, சமைச்சதா இருந்தாலும்.

மேல ஏதாவது மொறுமொறுப்பா இருந்தா இது நிஜமாவே முழு டெசர்ட் ஆயிடும், அதுக்கும் ஓவன் வேண்டாம். இன்னொரு கடாய்ல 20 கிராம் வெண்ணெய், 40 கிராம் ஓட்ஸ், ஒரு டேபிள்ஸ்பூன் சர்க்கரை, நறுக்கின பாதாம் ஒரு கைப்பிடி, ஒரு சிட்டிகை உப்பு, மிதமான தீல அஞ்சாறு நிமிஷம் கை விடாம கிளறினா பொன்னிறமா வரும், உடனே தட்டுல கொட்டி பரப்பிடுங்க, சூடா இருக்கறப்போ மெத்துன்னு தான் இருக்கும், ஆறினதும் மொறுமொறுன்னு ஆகும். பெர்ரி ஊறற நேரத்துலயே இதை முடிச்சுடலாம். சாப்பிடற நிமிஷத்துல தான் மேல தூவணும், முன்னாடியே போட்டா சாறுல நனைஞ்சு நமுத்துடும். ஓவன் இருந்து நேரமும் இருந்தா 500 கிராம் பெர்ரில ஒரு டேபிள்ஸ்பூன் கார்ன்ஃப்ளாரும் மூணு டேபிள்ஸ்பூன் சர்க்கரையும் பிசறி, மேல 100 கிராம் மைதா, 60 கிராம் ஜில்லுன்னு வெண்ணெய், 50 கிராம் சர்க்கரை விரல் நுனியால உதிர்த்துப் போட்டு 190 டிகிரில 25லேர்ந்து 30 நிமிஷம் வைக்கலாம், மேல சிவந்தா மட்டும் எடுத்துடாதீங்க, ஓரத்துல சாறு குமிழ் விட்டு கொதிக்கறது கண்ணுக்குத் தெரியணும், இல்லைன்னா உள்ள ஸ்டார்ச் வேகலை, மறுபடி உங்க சூப் தான்.

கூட என்ன வைக்கறதுன்னா கெட்டி க்ரீம், ஐஸ்கிரீம், கெட்டித் தயிர் எதுவும் நல்லா இருக்கும். பால் மட்டும் ஊத்தாதீங்க, பெர்ரி சாறு நல்ல புளிப்பு, சூடா இருக்கறப்போ பால் பட்டதும் திரிஞ்சுடும். கெட்டி க்ரீம்ல கொழுப்பு ஜாஸ்தி, புரதம் கம்மி, அதனால தாங்கும். அதையும் கடாய்ல ஊத்தி கொதிக்க விடாம கிண்ணத்துல மேலாக்க ஊத்துங்க.

சத்து பத்தி கேட்டீங்க. வைட்டமின் சி சூட்டுல கொஞ்சம் குறையும், அது உண்மை. ஆனா காய்கறியை வேக வெச்சு தண்ணியைக் கொட்டற மாதிரி இங்க எதையும் கொட்டலை, சாறுல இறங்கினது எல்லாம் கிண்ணத்துல தான் இருக்கு, நார்ச்சத்து எங்கயும் போகாது, ராஸ்பெர்ரி கொதிக்கவே இல்ல. நீங்க கடைசில உங்க வீட்ல ஒருத்தருக்கு சுகர் இருக்குன்னு எழுதியிருக்கீங்க, அங்க நான் நிறுத்திக்கறேன், அவங்க எவ்வளவு சாப்பிடலாம்ங்கறது அவங்களும் அவங்க டாக்டரும் முடிவு பண்ண வேண்டியது, நான் சமையல்காரர். என்னால முடிஞ்சது, அவங்களுக்கு சர்க்கரை சேர்க்காம தனியா ஒரு கிண்ணம் எடுத்து வைக்க வழி சொல்றது. நல்லா பழுத்த பெர்ரியா பார்த்து, ஊற வைக்காம நேரா வெண்ணெய்ல பட்டை போட்டு ப்ளூபெர்ரியை வெடிக்க விட்டு, மத்ததை அதே வரிசைல சேர்த்துடுங்க, ஏலக்காய் கொஞ்சம் தாராளமா போடுங்க, இனிப்பு இல்லாத குறையை வாசனை ஓரளவுக்கு ஈடு கட்டும்.

மீந்துச்சுன்னா ஆறினதும் மூடி ஃப்ரிட்ஜ்ல வெச்சா ரெண்டு நாள் நல்லா இருக்கும், ஆனா ராஸ்பெர்ரி அதுக்குள்ள கரைஞ்சிருக்கும், கார்ன்ஃப்ளார் போட்டிருந்தா ஓரத்துல கொஞ்சம் நீர் பிரிஞ்சிருக்கும். அதை மறுபடி தளதளன்னு கொதிக்க விடாம சிம்ல வெச்சு சூடு ஏத்தி, புதுசா நாலு பழம் நறுக்கிப் போட்டு, அப்போ அரைச்ச மிளகு ஒரு சிட்டிகை தூவிக் குடுங்க.